வாங்கத் தெரியாத ஈகை

1513ஆம் ஆண்டு ஸ்பானிய அரசவையின் சட்ட அறிஞர் ஹுவான் லோபெஸ் தெ பலாசியோஸ் ரூபியோஸ் ஓர் அறிவிப்பை எழுதிக் கொடுத்தார். அமெரிக்கக் கரைகளில் இறங்கும் படைகள் போரைத் தொடங்குமுன் அங்குள்ள மக்களுக்கு அதை உரக்க வாசித்துக் காட்ட வேண்டும் என்பது ஏற்பாடு. உலகைக் கடவுள் படைத்தார், மனித குலத்தின் பொறுப்பைப் பேதுருவிடம் ஒப்படைத்தார், அவர் வழிவந்த போப்பாண்டவர் ஒருவர் இந்தத் தீவுகளையும் நிலப்பரப்பையும் காஸ்டில் அரசர்களுக்குக் கொடையாக அளித்துவிட்டார் என்று அது படிப்படியாக விளக்குகிறது. கேட்பவர்கள் இதைப் புரிந்துகொண்டு ஆலோசிக்கத் தேவையான அவகாசம் எடுத்துக்கொள்ளலாம் என்றும் பெருந்தன்மையோடு சொல்கிறது. பணிந்தால் அன்போடும் அருளோடும் ஏற்றுக்கொள்வோம். மறுத்தால் போர் தொடுப்போம், உங்களையும் உங்கள் மனைவி மக்களையும் அடிமைகளாக்குவோம், அதனால் நேரும் சாவுகளுக்கும் இழப்புகளுக்கும் நீங்களே பொறுப்பு என்று முடிகிறது. அம்மொழியில் ஒரு சொல்லும் அறியாதவர்களுக்கு ஸ்பானிய மொழியில் இது வாசிக்கப்பட்டது. ஆளற்ற கிராமங்களில் வாசிக்கப்பட்டதும் உண்டு. இதைப் படித்துச் சிரிப்பதா அழுவதா என்று தெரியவில்லை என எழுதினார், அக்கொடுமைகளை நேரில் கண்ட பாதிரியார் பார்த்தொலொமே தெ லாஸ் காசாஸ்.

இந்த ஆவணத்தைப் பித்தலாட்டம் என்று தள்ளிவிட்டுப் போவது எளிது. ஆனால் அதை வாசித்தவர்களில் சிலராவது தாங்கள் ஓர் ஒப்பற்ற செல்வத்தைக் கொண்டுவந்து கொடுப்பதாக மனப்பூர்வமாக நம்பியிருக்கலாம் என்று ஒப்புக்கொண்டால்தான் உண்மையான சிக்கல் தொடங்குகிறது. பேராசைக்காரனின் வன்முறையை விளங்கிக்கொள்ளப் பெரிய தத்துவம் வேண்டியதில்லை. கொடுக்க வந்தவனின் வன்முறைக்குத்தான் விளக்கம் தேவைப்படுகிறது. அந்த விளக்கத்தைத் தேடித் தம் எழுத்து வாழ்வின் பெரும்பகுதியைச் செலவிட்டவர் அமெரிக்க அரசியல் தத்துவவாதி ரோமண்ட் கோல்ஸ். தமிழில் அவரைப் பற்றி யாரும் எழுதி நான் படித்ததில்லை. ஆங்கிலத்திலும் அவர் பெரும்புகழ் பெற்றவர் என்று சொல்ல முடியாது. சில ஆண்டுகளாக அவர் நூல்களோடு மல்லுக்கட்டி வருகிறேன் என்பதால், எனக்குப் பட்டதை எழுதிவைக்கிறேன்.

வட கரோலினாவிலுள்ள டியூக் பல்கலைக்கழகத்தில் பல ஆண்டுகள் கற்பித்த கோல்ஸ், பின்னர் வட அரிசோனாப் பல்கலைக்கழகத்துக்கும் அதன்பின் ஆஸ்திரேலியக் கத்தோலிக்கப் பல்கலைக்கழகத்துக்கும் சென்றார். 1997இல் வெளிவந்த, ஈகையை மறுபடி சிந்திக்கும் அவருடைய நூல்தான் எல்லாவற்றுக்கும் அடித்தளம். அதன் வாதத்தை இப்படிச் சுருக்கலாம்: மேற்குலகின் சமய மரபு ஈகையைத் தலையாய அறமாக உயர்த்தியது, ஆனால் அந்த ஈகையின் முன்மாதிரியாக எந்தக் குறையும் இல்லாத, எவரிடமிருந்தும் எதையும் பெற வேண்டிய தேவையே இல்லாத ஒரு கடவுளை வைத்தது. அந்தக் கடவுளைப் பார்த்துக் கொடுக்கப் பழகிய மனிதன், தன்னிடம் உண்மை முழுமையாக இருக்கிறது, எதிரில் நிற்பவனிடம் இருப்பதெல்லாம் வெற்றிடம் என்ற எண்ணத்தோடுதான் கையை நீட்டினான். பிறகு வந்த நவீனச் சிந்தனை கடவுளை அகற்றிவிட்டு அதே இருக்கையில் தன்னிறைவு கொண்ட தனிமனிதனை உட்கார வைத்தது. இருவருக்கும் பொதுவான குறை, பெறத் தெரியாமை. எதிரில் இருப்பவர் யார், அவருக்கு என்ன வேண்டும், நான் அறியாத எதை அவர் அறிவார் என்பதை வாங்கிக்கொள்ளும் திறன் இல்லாதபோது, கொடுப்பது மெல்ல மெல்லத் திணிப்பாகிவிடுகிறது. ஏற்கத் தெரிந்த ஈகை ஒன்றே ஈகை என்பது கோல்ஸின் நிலைப்பாடு.

கொடுத்துச் சிவந்த கைகளைப் பாடிப் பழகியவர்கள் நாம். வாங்கும் கையைப் பற்றி நமக்கு இரக்கம் உண்டு, கூச்சம் உண்டு. அதை ஒரு திறனாக நினைத்துப் பார்த்ததில்லை. அதனாலேயே முதல் வாசிப்பில் இந்த வாதம் எனக்குச் சற்று வித்தியாசமான உபதேசமாகவே பட்டது. அது உபதேசத்தைத் தாண்டி ஓர் ஆய்வாக எழுந்து நிற்பது, கோல்ஸ் துணைக்கு அழைக்கும் தத்துவவாதிகளைத் தேடிப் போய்ப் படித்தபோதுதான் விளங்கியது. அவர்களில் இருவர் முக்கியமானவர்கள்.

முதலாமவர் இம்மானுவேல் காண்ட். கடமை, விதி என்று இறுக்கமாகப் பேசுபவர் என்று பெயர் பெற்ற காண்ட், 1797இல் வெளியிட்ட அறவியல் நூலில் உதவி செய்வதைப் பற்றி எழுதும் சில பக்கங்கள் வியப்பூட்டுகின்றன. உதவுகிறவன், தன் உதவியை ஏற்றுக்கொண்டதன் மூலம் எதிரில் இருப்பவர்தான் தன்னைப் பெருமைப்படுத்தினார் என்பதுபோல் நடந்துகொள்ள வேண்டும் என்கிறார். அதற்குச் சற்றுத் தள்ளி இன்னும் கூர்மையான ஒரு கேள்வி வருகிறது. உதவி செய்யும் வசதி ஒருவனுக்கு இருப்பதே பெரும்பாலும் அரசின் அநீதியால் சிலர் சலுகை பெற்றதன் விளைவு. அப்படியிருக்க, பணக்காரன் தான் செய்ததாகப் பெருமைப்பட்டுக்கொள்ளும் உதவிக்கு உதவி என்ற பெயர் உண்மையில் பொருந்துமா என்று கேட்கிறார். கேட்டுவிட்டு, பதில் சொல்லாமல் நகர்ந்துவிடுகிறார். அறக்கட்டளைகளின் ஆண்டறிக்கைகளைப் புரட்டும்போதெல்லாம் எனக்கு இந்த இடம் நினைவுக்கு வருகிறது.

இரண்டாமவர் தியடோர் அடோர்னோ. நாஜிகளுக்குத் தப்பி அமெரிக்காவில் வாழ்ந்த காலத்தில் அவர் எழுதி, 1951இல் வெளியான சிறுகுறிப்புகளின் நூலில் பரிசளிப்பதைப் பற்றி ஒரு குறிப்பு இருக்கிறது. மக்கள் பரிசளிக்க மறந்துவருகிறார்கள் என்று அது தொடங்குகிறது. உண்மையான பரிசின் இன்பம், பெறுபவரின் மகிழ்ச்சியைக் கற்பனை செய்து பார்ப்பதில் இருந்தது. அதற்குத் தேர்ந்தெடுக்க வேண்டும், நேரம் செலவிட வேண்டும், வழியைவிட்டு விலகி அலைய வேண்டும், பெறுபவரை ஒரு பொருளாக நினைக்காமல் ஒரு மனிதராக நினைக்க வேண்டும். இன்றோ அந்தத் திறன் எவரிடமும் இல்லை. இருந்தால், 'பரிசுப் பொருள்' என்றே ஒரு சரக்கு வகையைக் கடைகள் கண்டுபிடித்திருக்க வேண்டியதில்லை என்கிறார். யாருக்கு என்ன கொடுப்பது என்று தெரியாதவர்களுக்காகவே, எவருக்கும் பொருந்தக்கூடிய, ஆகவே எவருக்கும் உரியதாகாத பண்டங்கள் அங்கே அடுக்கிவைக்கப்பட்டிருக்கின்றன. நிறுவனமயமான தருமத்தையும் அவர் அந்தக் குறிப்பிலேயே சேர்த்துக்கொள்கிறார். சமூகத்தின் கண்ணுக்குத் தெரியும் காயங்களுக்குத் திட்டமிட்டு ஒட்டுப்போடும் வேலை அது என்பது அவர் கருத்து. கொடுக்கும் ஆற்றல் வற்றிப்போனவர்கள் தாங்களும் உள்ளே உறைந்துபோகிறார்கள் என்று அந்தக் குறிப்பு செல்கிறது. இரண்டு பக்கங்களுக்குள் அடங்கும் எழுத்து. கோல்ஸ் பல அத்தியாயங்களில் சொல்ல முயல்வது இதற்குள் இருக்கிறது என்று சொன்னால் மிகையாகாது.

ஜெர்மன் தத்துவவாதி ஹேபர்மாஸ் மீது கோல்ஸ் வைக்கும் விமர்சனத்தை விரைந்து கடந்துவிடுகிறேன். பேசிப் பேசி ஒருமித்த கருத்தை நோக்கி நகர்வதே பகுத்தறிவின் போக்கு என்று வைத்துக்கொண்டால், ஒருமித்த கருத்துக்குள் அடங்காத மிச்சம் எப்போதும் இடைஞ்சலாகவே தெரியும், அந்த மிச்சத்திடமிருந்து கற்றுக்கொள்ளத் தோன்றாது என்பதே அதன் சாரம்.

ஈகை எப்படி ஜனநாயகத்தோடு சேர்கிறது என்ற கேள்விக்கு விடை 2005இல் வந்த கோல்ஸின் நூலில் இருக்கிறது. சுற்றுச்சுவரும் காவலாளியும் வைத்து, உள்ளே வருபவரிடம் அடையாள அட்டை கேட்கும் 'கேட்டட் கம்யூனிட்டி'யை நாம் அறிவோம். சமகால அரசியல் தத்துவத்தின் பெரிய பெயர்கள் சிலவும் ஜனநாயகத்துக்கு அத்தகைய கதவுகளை வைத்துவிட்டன என்று கோல்ஸ் அந்நூலின் தலைப்பிலேயே ('Beyond Gated Politics') குற்றம் சாட்டுகிறார். எந்த வகைக் காரணங்களைப் பொதுவெளியில் முன்வைக்கலாம் என்று ஜான் ரால்ஸ் எல்லை வகுப்பதும், ஒரே மரபுக்குள் வேரூன்றி நின்றால்தான் அறம் பேச முடியும் என்று அலஸ்டேர் மக்கின்டயர் சொல்வதும் அவருக்கு ஒரே நோயின் இரு அறிகுறிகள். ரால்ஸ் விஷயத்தில் கோல்ஸ் கொஞ்சம் கடுமையாகவே நடந்துகொள்கிறார் என்பது என் அபிப்பிராயம். அடிமை ஒழிப்பு இயக்கத்தினரும் மார்ட்டின் லூதர் கிங்கும் சமய மொழியில் பேசியதை எப்படி ஏற்பது என்று ரால்ஸ் தாமே கவலைப்பட்டு இடம் ஒதுக்கியிருக்கிறார். அந்தக் கவலையை இன்னும் சற்றுப் பரிவோடு வாசித்திருக்கலாம். மற்றவர்களிடம் பெறும் திறனைப் பற்றி எழுதுபவர், தாம் மறுக்கும் தத்துவவாதியிடமும் அதைக் காட்ட வேண்டும் அல்லவா?

ஆனால் அந்த நூலின் உயிர் தத்துவவாதிகளோடு நடத்தும் வாதங்களில் இல்லை. சால் அலின்ஸ்கி 1940இல் சிகாகோவில் தொடங்கிய ஐ.ஏ.எஃப். என்ற மக்கள் அமைப்பாக்க வலைப்பின்னலைப் பற்றிய அத்தியாயத்தில் இருக்கிறது. கோல்ஸ் அதை வெளியிலிருந்து ஆராய்ந்தவர் அல்லர். டர்ஹாம் நகரில் தேவாலயங்களையும் சங்கங்களையும் குடியிருப்புப் பகுதிகளையும் இணைத்த 'டர்ஹாம் கேன்' கூட்டமைப்பில் தாமே பணியாற்றியவர். டர்ஹாம் புகையிலையால் எழுந்த ஊர். டியூக் பல்கலைக்கழகத்தின் பெயரே ஒரு புகையிலைக் குடும்பத்தின் பெயர், அக்குடும்பம் அளித்த பெருங்கொடைக்காக 1924இல் சூட்டப்பட்டது. அதே ஊரில் கறுப்பின மக்கள் தங்கள் வங்கியையும் காப்பீட்டு நிறுவனத்தையும் கட்டி எழுப்பினார்கள். அவர்களுடைய ஹேடி பகுதியை நகரப் புதுப்பிப்பு என்ற பெயரில் இடித்து நடுவே விரைவுச்சாலை போட்டார்கள். அப்படிப்பட்ட ஊரில் எல்லோரும் கூடிப் பேச வேண்டும் என்றால், எங்கே கூடுவது என்பது முதல் கேள்வியாகிவிடுகிறது.

ஐ.ஏ.எஃப். கூட்டங்கள் ஓரிடத்தில் நிலைகொள்வதில்லை. ஒருமுறை ஒரு கறுப்பினத் தேவாலயத்தில், அடுத்த முறை வெள்ளையர் திருச்சபையின் மண்டபத்தில், பிறகு ஸ்பானிய மொழி பேசும் குடியேறிகளின் பகுதியில் என்று இடம் மாறிக்கொண்டே இருக்கும். இதை ஒரு நிர்வாக வசதி என்று கடந்துபோகாமல், ஜனநாயகத்தின் ஆதாரப் பயிற்சி என்று கோல்ஸ் காண்கிறார். பொது உலகம் ஒரு மேசை போன்றது, சுற்றி அமர்ந்திருப்பவர்களை அது ஒரே நேரத்தில் இணைக்கவும் பிரிக்கவும் செய்கிறது என்றார் அரசியல் சிந்தனையாளர் ஹன்னா அரெண்ட். அந்த மேசை யாருடைய வீட்டில் கிடக்கிறது என்று கோல்ஸ் கேட்கிறார். பல்கலைக்கழகத்தை ஒட்டிய மரநிழல் தெருவில் வசிக்கும் ஒருவர், எல்லோரையும் தம் பகுதிக்கு அழைத்து உபசரித்துப் பேசவைத்தால் அவர் நல்லவர் என்று பெயரெடுக்கலாம், கற்றுக்கொள்வது கொஞ்சமே. அவரே விரைவுச்சாலையைத் தாண்டி, இருட்டிய பின் விளக்கில்லாத தெருவில் வண்டியை நிறுத்திவிட்டு, பேருந்துக்கு நிழற்குடை இல்லாத நிறுத்தத்தைக் கடந்து, முன்பின் தெரியாத மண்டபத்தில் பின்வரிசையில் உட்கார நேரும்போது, எந்த அறிக்கையும் சொல்லாததை அவர் உடம்பு தெரிந்துகொள்கிறது. அங்கே அவர் விருந்தாளி. கொடுக்க அவரிடம் எதுவும் இல்லை. வாங்கிக்கொள்ள நிறைய இருக்கிறது. கேட்டல், பயணித்தல், மேசையை நகர்த்துதல் என்று கோல்ஸ் இந்தக் கலைகளை வரிசைப்படுத்துகிறார்.

இந்த வலைப்பின்னலில் யாரும் கோரிக்கைப் பட்டியலோடு தொடங்குவதில்லை. ஒருவரோடு ஒருவர் தனியே உட்கார்ந்து பேசும் சந்திப்புகளில் தொடங்குகிறார்கள்: உங்களுக்கு எதைக் கண்டால் கோபம் வருகிறது, இரவில் எதை நினைத்துத் தூக்கம் போகிறது, ஏன்? அப்படிக் கேட்டுக் கேட்டுத்தான் டெக்சாஸின் சான் அன்டோனியோவில் 1974இல் 'காப்ஸ்' அமைப்பு உருவானது. மெக்சிகோ வம்சாவளியினர் வாழ்ந்த மேற்குப் பகுதியில் மழைக்கு மழை தெருக்கள் வெள்ளக்காடாகின. ஏர்னஸ்டோ கோர்டெஸ் என்ற அமைப்பாளர் அங்குள்ள தேவாலயங்களின் தாய்மாரிடமும் பொறுப்பாளர்களிடமும் போய்ப் பேசியபோது, அரசியல் மேடைகளின் பெரிய கோஷங்கள் எதுவும் வரவில்லை. வடிகால் என்றுதான் திரும்பத் திரும்பச் சொன்னார்கள். அவர்களே நகராட்சிக் கோப்புகளைத் தேடி, பல ஆண்டுகளுக்கு முன் ஒப்புதல் பெற்றும் தோண்டப்படாத வடிகால் திட்டங்களைக் கண்டுபிடித்தார்கள். நகராட்சி மன்றத்தில் திரளாகப் போய் நின்றார்கள். நகரத்தின் செல்வாக்குள்ளவர்கள் முகம் கொடுக்க மறுத்தபோது, 1975இல் பெரிய வங்கி ஒன்றில் வரிசையில் நின்று டாலர்களைச் சில்லறையாகவும் சில்லறையை மறுபடி டாலர்களாகவும் மாற்றிக்கொண்டே இருந்தார்கள். அடுத்தவர் தாமே செய்துகொள்ள முடிந்ததை அவருக்காக ஒருபோதும் செய்யாதே என்பது ஐ.ஏ.எஃப்.பின் இரும்பு விதி. அதை முதலில் படித்தபோது ஈகைக்கு நேர் எதிரான விதியாகத் தோன்றும். கொடுப்பவர் தம் கையைக் கட்டிக்கொள்ளும் இடத்தில் எதிரில் இருப்பவரின் ஆற்றல் வெளிப்படுகிறது என்று கண்டுகொண்டால் இரண்டும் ஒன்றுதான்.

2008இல் தம் சக பேராசிரியரும் இறையியலாளருமான ஸ்டான்லி ஹாவர்வாஸோடு சேர்ந்து கோல்ஸ் ஒரு நூல் வெளியிட்டார். ஒருவர் கிறித்தவர், மற்றவர் கிறித்தவர் அல்லாத தீவிர ஜனநாயகவாதி. இருவரும் சேர்ந்து நடத்திய வகுப்பிலிருந்து பிறந்த கட்டுரைகளும் கடிதங்களும் அடங்கிய நூல். அதில் கறுப்பின மக்களின் உரிமைப் போராட்ட அமைப்பாளர் எல்லா பேக்கரை (Ella Baker) பற்றி கோல்ஸ் எழுதும் பகுதி அவர் எழுதியவற்றிலேயே சிறந்தது என்று எனக்குத் தோன்றுகிறது. கறுப்பினச் சிந்தனையாளர் கார்னல் வெஸ்ட் போன்றவர்களின் முழங்கும் பேச்சை மதித்துக்கொண்டே, அந்தப் பேச்சில் கேட்பதற்கு இடம் குறைவு என்று சுட்டிக்காட்டிவிட்டு பேக்கரிடம் திரும்புகிறார். 1903இல் பிறந்து வட கரோலினாவில் வளர்ந்த பேக்கர், தெற்கு மாநிலங்களின் சிற்றூர்களில் பல ஆண்டுகள் அலைந்தவர். 1960 பிப்ரவரியில் கிரீன்ஸ்பரோவில் கறுப்பின மாணவர்கள் வெள்ளையருக்கு மட்டுமான உணவக மேடையில் அமர்ந்து போராட்டத்தைத் தொடங்கியதும், ஏப்ரலில் ராலே நகரின் ஷா பல்கலைக்கழகத்தில் அவர்களையெல்லாம் கூட்டினார். மூத்த தலைவர்கள் மாணவர்களைத் தங்கள் அமைப்பின் இளைஞர் அணியாகச் சேர்த்துக்கொள்ள விரும்பினார்கள். மாணவர்கள் தனித்து நிற்க வேண்டும் என்று பேக்கர் உறுதியாக நின்றார். ஸ்னிக் என்ற மாணவர் அமைப்பு அப்படித்தான் பிறந்தது.

அந்தக் கோடையில் நடந்த ஒன்று, கோல்ஸின் கருத்துக்கு நான் கண்ட ஆகச்சிறந்த சான்று. பாப் மோசஸ் என்ற இளம் கணித ஆசிரியர், பேக்கர் எழுதிக்கொடுத்த பெயர்களோடு மிசிசிப்பிக்குப் போகிறார். உணவக மறியலில் எழுந்த அலையைத் தென்பகுதியின் உட்புறத்துக்கும் எடுத்துச்செல்வது நோக்கம். கிளீவ்லேண்ட் என்ற சிற்றூரில் தபால் அலுவலகத்தில் வேலைபார்த்துக்கொண்டே பெட்ரோல் நிலையமும் நடத்திவந்த ஏம்ஸி மூர், வந்தவரிடம் தம் மக்களுக்கு வேண்டியது வாக்காளர் பட்டியலில் இடம் என்று சொல்கிறார். வடக்கிலிருந்து வந்த படிப்பாளி கேட்டுக்கொண்டார். அடுத்த ஆண்டு திரும்பிவந்து அந்த வேலையில் இறங்கினார். மிசிசிப்பி இயக்கத்தின் திசையே அந்தச் சந்திப்பில் மாறியது. மூர் கையில் இருந்தது முன்கூட்டியே முழுமையான ஒரு திட்டம். கொடுக்க வந்தவர் வாங்கிக்கொண்டு போனார்.

இனி எனக்கு உறுத்தலாக இருக்கும் இடத்துக்கு வருகிறேன். ஏற்கத் தெரிந்த ஈகைக்கு முன்னோடிகளாக கோல்ஸ் மதித்து எழுதியவர்களில் இருவர், போரை மறுக்கும் மெனோனைட் என்ற கிறித்தவப் பிரிவின் இறையியலாளர் ஜான் ஹோவர்ட் யோடரும், அறிவுத்திறன் குறைபாடு உள்ளவர்களோடு சேர்ந்து வாழும் 'லார்ஷ்' இல்லங்களை 1964இல் பிரான்ஸில் தொடங்கிய ழான் வனியேயும். யோடரின் அமைதிவாதத்தில் எதிரியிடமும் அந்நியரிடமும் காது கொடுக்கும் பொறுமையைக் கண்டார். வனியேயிடம் பலவீனமானவர்களிடமிருந்து பெறும் மென்மையைக் கண்டார். யோடர் பெண்களிடம் நடத்திய பாலியல் அத்துமீறல்கள் 1992இலேயே செய்தித்தாளில் வந்தன. பாதிக்கப்பட்டவர்கள் நூறு பேருக்கு மேல் இருக்கலாம் என்று பின்னர் வரலாற்றாய்வு காட்டியது. வனியே 2019இல் மறைந்தார். மறு ஆண்டு லார்ஷ் அமைப்பே வெளியிட்ட விசாரணை அறிக்கை, ஆன்மிக வழிகாட்டல் என்ற போர்வையில் அவர் பெண்களைப் பயன்படுத்திக்கொண்டதைச் சொன்னது. 2023இன் விரிவான அறிக்கை அப்படிப்பட்ட பெண்கள் குறைந்தது 25 பேர் என்றது. வனியே பற்றிய உண்மை கோல்ஸ் எழுதி 12 ஆண்டுகளுக்குப் பிறகே வெளிவந்தது, அதற்காக அவரைக் குறைசொல்வது நியாயமல்ல.

ஆனாலும் தத்துவத்தின் முன் ஒரு கேள்வி எழுகிறது. பெறுபவரிடம் தாழ்ந்து நின்று கேட்கும் மென்மை என்பது ஒருவரின் குணமாக மட்டும் இருந்தால், அதை நடித்துக் காட்டவும் முடியும். நடிப்பவரிடம் மற்றவர்கள் தங்களை அதிகமாகத் திறந்துகொடுத்துவிடுவார்கள் என்பதால் ஆபத்தும் அதிகம். அன்போடும் அருளோடும் ஏற்றுக்கொள்வோம் என்று அறிவித்த படைத்தலைவனைவிட, உன்னிடமிருந்து கற்க வந்திருக்கிறேன் என்று சொல்லும் ஞானி நெருக்கமாக வந்துவிடுகிறான். கோல்ஸின் எழுத்தில் காது கொடுப்பதற்கு இருக்கும் விரிவு, கணக்குக் கேட்பதற்கு இல்லை. அதிகாரம் உள்ளவரும் இல்லாதவரும் ஒரே அளவில் தங்களைத் திறந்துவைக்க வேண்டும் என்று சொன்னால், இழப்பு யாருக்கு என்று தெரிந்ததே.

இதற்கான மருந்து அவர் பங்கெடுத்த நடைமுறையிலேயே இருக்கிறது என்பதுதான் எனக்குச் சுவையான விஷயம். ஐ.ஏ.எஃப். கூட்டங்களில் பதவியில் இருப்பவரையோ வேட்பாளரையோ மேடையில் நிறுத்தி, குறிப்பிட்ட கேள்விக்கு ஆம் அல்லது இல்லை என்று எல்லோர் முன்னிலும் பதில் சொல்லவைப்பார்கள். நேரம் முடிந்தால் ஒலிபெருக்கியை வாங்கிக்கொள்வார்கள். நிரந்தர நண்பரும் இல்லை, நிரந்தர எதிரியும் இல்லை என்பது அங்கே பால பாடம். தங்கள் சொந்தத் தலைவர்களையும் விட்டுவைப்பதில்லை. ஒவ்வொரு நிகழ்வுக்குப் பின்பும் உட்கார்ந்து யார் சொன்னபடி செய்தார், யார் செய்யவில்லை என்று பேசித் தீர்க்கிறார்கள். பேக்கரும் அப்படித்தான். வலிமையான மக்களுக்கு வலிமையான தலைவர்கள் தேவையில்லை என்ற அவருடைய நிலைப்பாடு, தலைவர்களின் நல்ல குணத்தை நம்பி எதையும் ஒப்படைக்காத ஒருவரின் நிலைப்பாடு. கோல்ஸ் வனியேயின் மென்மையையும் பேக்கரின் கறார்தனத்தையும் ஒரே நூலில் வைத்தார். இரண்டாவது இல்லாமல் முதலாவது என்னவாகும் என்று மட்டும் கேட்காமல் விட்டுவிட்டார்.

2016இல் வந்த அவருடைய நூல், அரிசோனாவின் ஃபிளாக்ஸ்டாஃபில் முதலாமாண்டு மாணவர்களை உள்ளூர் மக்களோடு சேர்த்து எரிசக்தி, குடியேற்றம், தோட்டங்கள், பள்ளிகள் என்று குழுக்களாக இயங்கவைத்த அனுபவத்திலிருந்து எழுதப்பட்டது. அதில் நரம்பியலும் சிக்கலான அமைப்புகளின் கோட்பாடும் நிறைய வருகின்றன. நடந்த வேலையைப் பற்றிய பக்கங்களில் இருக்கும் உறுதி அவற்றில் இல்லை. பெரிய நிறுவனத்துக்குள் நல்ல வேலை செய்பவர்களை அந்த நிறுவனமே எப்படித் தன் விளம்பரமாக்கிக்கொள்கிறது என்று அவர் பேசும் இடங்கள் மட்டும் நன்றாக இருக்கின்றன. பல்கலைக்கழகத்தில் வேலைபார்ப்பவர்கள் யாரும் அதைப் படித்துவிட்டு நிம்மதியாகத் தூங்க மாட்டார்கள்.

கோல்ஸைப் படிக்க நினைப்பவர்கள், வெளிவந்த வரிசையில் தொடங்கினால் முதல் நூலிலேயே சோர்ந்துவிடுவார்கள். அவருடைய வாக்கியங்கள் நீளமானவை, ஒரே பத்தியில் நான்கு தத்துவவாதிகளை அழைத்துவந்து நிறுத்துபவை. ஐ.ஏ.எஃப். பற்றிய அத்தியாயத்தை முதலில் படியுங்கள்; பிறகு பேக்கரைப் பற்றிய கட்டுரை; அதற்குப் பின் அடோர்னோவின் அந்தச் சிறுகுறிப்பை நேரடியாகவே தேடிப் படித்துவிட்டு 1997ஆம் ஆண்டு நூலுக்கு வரலாம். வனியே பற்றிய பகுதியைப் படிக்கும்போது, லார்ஷ் வெளியிட்ட விசாரணை அறிக்கையையும் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.